மூன்றாம் மாடிக்காரனின் நன்றி மடல்

திருவல்லிக்கேணி மேன்சன் ரூம்மேட்டுக்கும், கீழே மெஸ் நடத்தும் அக்காவுக்கும், பெயர் கேட்டுவைக்காத இன்னும் இருவருக்கும்,

வணக்கம். நாலு வருஷக் காதல் ஆடி மாசத்தில் ஒரு போன் பேச்சோடு முடிந்தது. தப்பு யார் மேல் என்று இங்கே எழுதப்போவதில்லை. அதை ஏற்கெனவே நூறு தடவை சொல்லி உங்களை அறுத்தாயிற்று.

முதலில் டூட்டி டாக்டருக்கு. நெஞ்சை அடைக்கிறது என்று ராத்திரி ஒரு மணிக்கு ரூம்மேட் என்னை ஆட்டோவில் அள்ளிப்போட்டு வந்தான். ஈசிஜி, ரத்தம் எல்லாம் பார்த்தீர்கள். ஒன்றுமில்லை. "தம்பி, வீட்டுல பிரச்னையா, இல்ல லவ்வா?" என்றீர்கள். அழுதுவிட்டேன். சிரிப்பீர்கள் என்று நினைத்தேன். ஸ்டூலை இழுத்துப்போட்டு உட்கார்ந்து 'டாகோட்சுபோ' பற்றிச் சொன்னீர்கள். பெரிய துக்கத்தில் இதயத்தின் இடது கீழறை உப்பி, மாரடைப்பு போலவே காட்டுமாம். ஜப்பான் மருத்துவர்கள் 1990-ல் அதற்கு ஆக்டோபஸ் பிடிக்கும் பானையின் பெயரை வைத்தார்களாம். பெரும்பாலும் மாதவிடாய் நின்ற பெண்களுக்கு வருவது. "உனக்கு அது இல்ல. ஆனா வலி நெசம்தான்" என்றீர்கள். அதுவரை எல்லோரும் 'இதெல்லாம் ஒரு விஷயமா' என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

சீட்டின் பின்னால் 14416 என்று எழுதித் தந்தீர்கள். டெலி மானஸ், மனசு சரியில்லாதவர்கள் கூப்பிட்டுப் பேசும் உதவி எண். மத்திய அரசு 2022-ல் தொடங்கியது. காசில்லை, எந்நேரமும் தமிழிலேயே பேசலாம். மூன்று நாள் தயங்கிவிட்டு, மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டி ஓரம் நின்று கூப்பிட்டேன். எடுத்த அம்மா, சாப்பிட்டாச்சா என்று விசாரித்தார். பிறகு, செத்துப்போகலாம் என்று தோன்றுகிறதா என்று நேராகவே கேட்டார். ஊரில் அம்மாவும் அண்ணனும் வாய்வரை வந்து விழுங்கிய கேள்வி. "இல்லைம்மா" என்று சொன்ன பிறகுதான் அது நிஜமென்று எனக்கே தெரிந்தது. அம்மா, அந்த நாற்பது நிமிஷத்துக்கு நன்றி.

அக்கா, பதினோரு நாள் கஞ்சியும் சுட்ட அப்பளமும் மேலே அனுப்பினீர்கள். ஒரு வார்த்தை கேட்கவில்லை. மாசக் கணக்கு நோட்டில் அந்த நாட்களுக்கு நேரே 'ஊரில்' என்று எழுதிவைத்திருந்ததைப் பார்த்தேன்.

மாப்ள, என் போனைப் பிடுங்கி இன்ஸ்டாகிராம் பாஸ்வேர்டை மாற்றியதற்கு அன்றைக்கு உன் சட்டையைப் பிடித்தேன். போன வாரம் அதைக் கேட்கலாமென்று வாயெடுத்தேன், விட்டுவிட்டேன். இன்னும் கொஞ்ச நாள் உன்னிடமே இருக்கட்டும். கிழிந்த பாக்கெட்டை ஞாயிற்றுக்கிழமை தைத்துத் தருகிறேன்.