லைலாக் வைக்கப் போற பாப்பாவுக்கு

பாப்பா,

வீட்டு முன்னாடி லைலாக் வைக்கப் போறேன்னு நீ போன்ல சொன்னதுலருந்து என் நினைப்பு பூரா அதுலயேதான் இருக்கு. நர்சரிக்குப் போனதும் மரமா புதரான்னு கேட்டுட்டு வாங்கு. ஊதாவா பூத்து வாசனை ஆளத் தூக்குமே, அந்த சாதாரண லைலாக் புதர்தான், அடியிலருந்து கன்னு விட்டு விட்டு பரவிக்கிட்டே போகும். உனக்கு வேண்டியது மரம்னா ஜப்பானிய மர லைலாக் கேளு, அதுல ஐவரி சில்க்னு ஒரு ரகம் நல்லா இருக்கும், 20, 25 அடி வளரும், மத்த லைலாக்கெல்லாம் பூத்து ஓஞ்சப்புறம் கோடை ஆரம்பத்துல க்ரீம் வெள்ளையில பெரிய பெரிய கொத்தா பூக்கும். வாசனை மட்டும் ஊதா லைலாக் அளவுக்கு இனிப்பா இருக்காது, தெரிஞ்சே வாங்கு. இலை கொட்டின குளிர்காலத்துலயும் செம்பழுப்புப் பட்டையும் அதுல குறுக்க ஓடுற கோடுமா பாக்க செர்ரி மரம் மாதிரியே இருக்கும். நம்ம மல்லிகையும் இதுவும் ஒரே குடும்பம்னு உனக்குத் தெரியுமா?

இடத்துல மட்டும் அவசரப்படாத பாப்பா. தினம் 6 மணி நேரமாவது நேர் வெயில் விழணும், நிழல்ல வச்சா பூ குறையும், இலையில வெள்ளையா மாவு பூத்த மாதிரி பூஞ்சை வரும். ஒரு குழி தோண்டி தண்ணி ஊத்திப் பாரு, மறுநாளும் நின்னா அந்த இடம் வேண்டாம். கிளை 15 அடிக்கு மேல விரியும், அதனால சுவத்த ஒட்டி வைக்காத. குழி ஆழம் வேர்க்கட்டி (வேரும் மண்ணும் சேந்த உருண்டை) உயரம் இருந்தா போதும், அகலம்தான் ரெண்டு மூணு மடங்கு வேணும். தண்டு விரிஞ்சு வேராகுற இடம் மண்ணுக்கு மேல தெரியணும், அத மூடிட்டா மரம் கொஞ்சம் கொஞ்சமா நலிஞ்சு போயிடும்.

புல்லுக்குப் போடுற உரத்த இதுக்குப் பக்கத்துல கொட்டாத, நைட்ரஜன் ஜாஸ்தியானா இலைதான் செழிக்கும். கவாத்து பண்ணணும்னா பூ முடிஞ்ச உடனே பண்ணிடு, அடுத்த வருஷ மொட்டு அந்தக் கோடையிலயே உருவாயிடும், இலை உதிர்ற நேரத்துல வெட்டினா மொட்டோட சேத்து வெட்டினதாயிடும். முதல் சில வருஷம் பூக்கலன்னா கவலைப்படாத, வெயில்காலத்துல மண்ணு காஞ்சா மட்டும் வேர் வரைக்கும் இறங்குற மாதிரி தண்ணி விடு.

தோண்டுறதுக்கு முன்னாடி அந்த இடத்த காலையிலயும் மத்தியானமும் ஃபோட்டோ எடுத்து அனுப்பு, மேல கரண்ட் கம்பி போகுதான்னும் பாத்து சொல்லு.

அப்பா