கணினிக்கு முந்திய காட்சி இசை

ஆசிரியர் அவர்களுக்கு,

தங்கள் ஞாயிறு பதிப்பில் அரூப அசைவூட்டம் (ஆள், பொருள் உருவங்களின்றி வடிவங்களும் வர்ணங்களுமே அசையும் படம்) பற்றி வெளியான கட்டுரை, நம்மவர் அதிகம் பேசாத ஒரு கலையை அறிமுகப்படுத்தியமைக்காகப் பாராட்டுக்குரியது. ஆயினும், இசையின் போக்கை வடிவாலும் வர்ணத்தாலும் கண்ணுக்குக் காட்டும் காட்சி இசை கணினியோடு பிறந்தது என்னும் தொனியையும், திருமண மண்டபங்களிலும் திருவிழாக் கச்சேரி மேடைகளிலும் எல்.ஈ.டி. திரையில் ஓடும் ஒளிக்கோலங்களை அதற்கு உதாரணமாகக் காட்டியதையும் ஏற்பதற்கில்லை.

ஜேர்மனியில் வோல்ற்றர் ருட்மான் 1921 இல் தமது முதல் அரூபப் படத்தைத் திரையிட்டபோது, அதற்கென்றே இயற்றப்பட்ட இசையை வாத்தியக்காரர்கள் அரங்கிலிருந்தே வாசித்தனர். ஒஸ்கார் பிஷிங்கர் 1947 இல் முடித்த படமோ, ஜேர்மானிய இசையமைப்பாளர் பாக்கின் பிராண்டன்பேர்க் இசைக்கு, ஒளிபுகும் பலகையில் எண்ணெய் வர்ணத்தைத் தீற்றித் தீற்றி, தீற்றலுக்கொரு பிரேமாக (படச்சுருளின் ஒரு தனிப்படமாக) எடுக்கப்பட்டது. அதில் வர்ணம் ஒவ்வொரு சுரத்தையும் துரத்துவதில்லை. இசையின் போக்கோடு தன் வழியில் வளர்கிறது. அடிக்கு அடி மின்னும் மேடைத் திரையில் இல்லாதது இதுதான். கனடாவில் நோர்மன் மக்லரனும் ஈவ்லின் லாம்பார்ட்டும் 1949 இல் ஒஸ்கார் பீற்றர்சனின் ஜாஸ் இசைக்கு நேரே படச்சுருளிலேயே வர்ணம் பூசினர். இசை மெதுவாகும் விளம்ப காலப் பகுதி வந்ததும் வர்ணமெல்லாம் ஒதுங்க, கறுப்புச் சுருளில் கீறிய மெல்லிய நெடுங்கோடுகள் மட்டும் நடுங்குகின்றன.

மிருதங்கம் கற்பிப்பவன் என்ற முறையில் இன்னொன்றும் சொல்ல வேண்டும்: நம் தாளத்துக்கும் இப்படிப் படம் செய்யலாம். திரைப்படத்தில் செக்கனுக்கு 24 பிரேம்கள். அட்சரத்துக்கு (தாளத்தின் ஓர் எண்ணிக்கைக்கு) ஒரு செக்கன் என்று வைத்துக்கொண்டால், அதை நான்கு மாத்திரைகளாகப் பிரிக்கும் சதுஸ்ர நடையில் மாத்திரைக்கு 6 பிரேமும் மூன்றாகப் பிரிக்கும் திஸ்ரத்தில் 8 பிரேமும் துல்லியமாக விழும். ஐந்தாகப் பிரிக்கும் கண்ட நடை வந்தவுடன் 24 ஐந்தால் பிரியாமல் கணக்கு இடறும். காலப்பிரமாணத்தை (வேகத்தை) சற்றே தளர்த்தி அட்சரத்துக்கு 30 பிரேம் கொடுத்தால் அதுவும் ஆறாறாக அமையும், ஏழாகப் பிரிக்கும் மிஸ்ரத்துக்கு 28 கொடுத்தால் நான்கு நான்காக அமையும். கோர்வைக்கு (முத்தாய்ப்பாக வாசிக்கும் சொற்கட்டுக்கு) கணக்குப் போடும் எந்த மாணவனுக்கும் இது பெரிய வேலையன்று. (சித்திரம் கீறத் தெரிந்த கூட்டாளி ஒருவன் வேண்டும் என்பது வேறு விடயம்.)

ஆகவே, இக்கட்டுரையின் தொடர்ச்சி வெளியாகுமானால், மென்பொருட்களின் பட்டியலைக் குறைத்து இத்தகைய கைவேலைக்கு இடம் ஒதுக்குமாறும், யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் இசை மாணவர்களும் சித்திர மாணவர்களும் சேர்ந்து ஒரு தனியாவர்த்தனத்துக்கேனும் (கச்சேரியில் மிருதங்கம் தனித்து ஒலிக்கும் பகுதிக்கேனும்) படம் செய்து பார்க்கத் தூண்டுமாறும் கேட்டுக்கொள்கிறேன்.

மிருதங்க ஆசிரியர்,
கோண்டாவில்.