எட்டு பைட்டுக்காக ஒரு கடிதம்

கண்ணம்மா,

நேற்று போனில் நீ கேட்டதற்கு அரைகுறையாகப் பதில் சொல்லிவிட்டேன், அதுவே ராத்திரி முழுக்க மனதில் ஓடியது. டிஷ் டிவி பாக்ஸில் செருகும் ஒரே சந்தா கார்டை வைத்துப் பல வீடுகளில் சேனல் பார்க்கிறார்களே, அப்படியென்றால் கார்டு படத்தையா அனுப்புகிறது என்று கேட்டாய். இல்லை. படம் எல்லோருடைய டிஷ்ஷிலும் வானத்திலிருந்து விழுந்துகொண்டேதான் இருக்கிறது, பூட்டிய நிலையில். கார்டு தருவது அந்தப் பூட்டின் சாவியை மட்டும்.

அந்தச் சாவி எவ்வளவு சின்னது தெரியுமா? எட்டே பைட். டிவிபி என்கிற டிஜிட்டல் டிவி ஒளிபரப்புத் தரத்தின் பழைய பூட்டு முறையில் நாலாவது பைட் முதல் மூன்றின் கூட்டல், எட்டாவது அதற்கு முந்தைய மூன்றின் கூட்டல். ஒரு பைட்டுக்கு எட்டு பிட், ஆக 64 பிட்டில் ரகசியம் 48 பிட்தான். அவ்வளவு சின்னச் சாவி என்பதால்தான் பத்து விநாடிக்கு ஒருமுறை போல அதை மாற்றிக்கொண்டே இருக்கிறார்கள். புதிய சாவியும் இன்னொரு பூட்டுக்குள் படத்தோடேயே வரும், அந்தப் பொட்டலத்துக்கு ஈசிஎம் என்று பெயர். பாக்ஸ் அதைக் கார்டிடம் நீட்டும். சந்தா இருந்தால் கார்டு திறந்து கொடுக்கும்.

பகிர்வு என்பது இந்த இடத்தில் ஒரு ஒயரை நீட்டுவதுதான். கார்டு இல்லாத பாக்ஸ் ஈசிஎம்மை நெட்வொர்க் வழியே சர்வருக்கு அனுப்புகிறது, அங்கே செருகியிருக்கும் கார்டு திறக்கிறது, எட்டு பைட் திரும்பி வருகிறது. அதனால் நெட் வேகம் பெரிதாக வேண்டாம், தாமதம்தான் எதிரி. அடுத்த சாவி முன்கூட்டியே வருவதால் கொஞ்சம் அவகாசம் உண்டு. ஆனால் கார்டு ஒரு நேரத்தில் ஒரு கேள்விக்குத்தான் பதில் சொல்லும், ஆளுக்கொரு சேனல் பார்த்தால் வரிசை நீண்டு, சாவி பிந்தி, படம் கட்டம் கட்டமாக உடைந்து நின்றுவிடும். இப்போதைய கார்டுகள் பலவும் ஒரே ஒரு பாக்ஸுக்கு மட்டும் புரியும்படி சாவியை மறுபடி பூட்டித் தருகின்றன, வெளியே கொண்டுபோனால் உதவாது.

சரி, உனக்கு மாதக் கட்டணத்துக்கு லைன், அதாவது இப்படியொரு சர்வரோடு இணைப்பு, தருகிறேன் என்கிறவரைப் பற்றி. ஒவ்வொரு ஈசிஎம்மோடும் சேனலின் அடையாளமும் போகும். நீ எதைப் பார்க்கிறாய், எந்த நிமிடம் மாற்றினாய், எந்த ஐபி முகவரியிலிருந்து என்பதெல்லாம் முகம் தெரியாத ஒருவரின் சர்வரில் பதிவாகும், எனக்கு அதுதான் பொறுக்கவில்லை. இப்படிக் கார்டைப் பகிர்வது சந்தா ஒப்பந்தத்தை மீறுவது, பல நாடுகளில் குற்றமும்கூட. ஐரோப்பிய ஒன்றியம் 1998லேயே இதற்கென்று ஒரு சட்ட நெறி கொண்டுவந்தது. இன்னும் பணம் கட்டவில்லை என்றால் கட்டாதே அம்மா.

ஆசையாக இருந்தால், நீ வரும்போது என் பாக்ஸின் தகவல் திரையைக் காட்டுகிறேன். ஈசிஎம் நேரம் என்று ஒரு வரி, சாவி திறந்து வர எவ்வளவு நேரம் ஆனது என்று காட்டும், பத்து விநாடிக்கு ஒருமுறை அந்த எண் மாறுவதைச் சேர்ந்து உட்கார்ந்து பார்ப்போம்.

அப்பா