ஆலைக்கு முன் உலர்த்தி: எங்கள் விவசாயிகள் கூட்டுறவுச் சங்கப் பணிப்பாளர் சபைக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய தலைவர் அவர்களுக்கும் பணிப்பாளர் சபை உறுப்பினர்களுக்கும்,

சங்கத்துக்கெனச் சொந்தமாக ஓர் அரிசி ஆலை அமைக்கவும், அதனோடு உரக்கடையும் உழவு இயந்திர வாடகைச் சேவையும் தொடங்கவும் நீங்கள் எடுத்துள்ள முடிவை வரவேற்கிறேன். மட்டக்களப்பு நெல் லொறியேறிப் பொலன்னறுவைக்குப் போய், அரிசியாகத் திரும்பி வந்து, அதை நாமே கடையில் வாங்கும் வழக்கம் மாறவேண்டும் என்பதில் எனக்கும் வேறு கருத்தில்லை. 2021 இல் இரசாயன உர இறக்குமதி தடைப்பட்டபோது பட்டதை நினைத்தால் உரக்கடையைப் பற்றியும் மறுத்துப் பேச இயலாது. ஆனால் ஆலைக்கு முன்னர் நெல் உலர்த்தும் இயந்திரமும் களஞ்சியமும் வேண்டும். அவை மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே, வயல்கள் உள்ள படுவான்கரையில் அமையவேண்டும்.

எங்கள் பெரும்போக அறுவடை வாடைமழை முற்றாக ஓயும் முன்னரே தொடங்கிவிடுகிறது. கையால் வெட்டி, உப்பட்டியாக, அதாவது கதிர்க் குவியல்களாக, வயலிலேயே காயப்போட்டு, பின்னர் சூடு மிதித்து நெல்லைப் பிரித்த காலத்தில் நெல் களத்துக்கு வரும்போதே பாதி உலர்ந்திருக்கும். இப்போது வெட்டும் இயந்திரம் காலையில் வட்டைக்குள், அதாவது வயல்வெளிக்குள், இறங்கினால், மாலைக்குள் முழு விளைச்சலும் ஈரத்தோடு சாக்கில் நிற்கிறது. தார் வீதியில் பரப்பினால் ஒரு மழைக்குத் தாங்காது. குவித்து வைத்தாலோ இரண்டு நாளில் சூடேறி அரிசி மஞ்சளாகிவிடும்.

2025 பெப்ரவரியில் அரசாங்கம் ‘நாடு’ வகை நெல்லுக்குக் கிலோவுக்கு 120 ரூபாய் அறிவித்தது. அந்த விலை 14 சதவீத ஈரப்பதனுள்ள நெல்லுக்கு. அந்தப் போகத்தில் என் வயலுக்கு வந்த வியாபாரி ஒரே குவியலின் மூன்று சாக்குகளில் ஈரமானியைக் குத்தினார். மூன்றிலும் மூன்று எண்கள் காட்டின. கொப்பியில் எழுதியது பெரிய எண்ணை. 20 சதவீத ஈரமுள்ள 100 கிலோ நெல்லை 14 சதவீதத்துக்கு உலர்த்தினால் 93 கிலோவே மிஞ்சும் என்பது எனக்கும் தெரியும், ஆகவே அந்த ஏழு கிலோவைக் கழித்ததில் எனக்கு வழக்கில்லை. நிறையில் கழித்த அதே ஈரத்துக்காக விலையிலும் குறைத்தாரே, அதுதான் வலித்தது. வானம் கறுத்திருந்தது, கொடுத்துவிட்டேன்.

வீட்டில் வைத்திருந்து விற்கலாமே என்று வாவிக்குக் கிழக்கே, கடற்கரைப் பக்கமான எழுவான்கரையில் இருப்பவர்கள் கேட்பதுண்டு. நெல் மணத்துக்கு யானை வந்து சுவரை இடிக்கும் ஊர்களில் மூடைகளை அடுக்கி வைத்துவிட்டு யார் நித்திரை கொள்வது?

உலர்த்தி இல்லாமல் ஆலையை மட்டும் திறந்தால், ஈர நெல்லை அதனால் குற்றி அரிசியாக்க முடியாது. உறுப்பினரிடமிருந்து வாங்க இயலாத நெல்லை, அதே உறுப்பினரிடம் மலிவாக வாங்கி உலர்த்திய வியாபாரியிடமே சங்கம் வாங்க நேரும். எங்கள் பங்குப் பணத்தில் அவருக்கு ஒரு வாடிக்கையாளரை உருவாக்கிக் கொடுத்ததாக அது முடியும். எரிபொருட் செலவைச் சபை காரணமாகக் காட்டலாம். நெல்லின் நிறையில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு உமி. ஆலை வந்த பின்னர் அந்த உமியே உலர்த்தியின் அடுப்புக்குப் போதும், அதுவரை ஒரு போகத்துக்கு உமியை வெளியே வாங்கலாம்.

ஆலை பிரதான வீதியோரம் எழுவான்கரையில் இருப்பதில் எனக்கு ஆட்சேபமில்லை. 2014 இல் வாவிக்குக் குறுக்கே மண்முனைப் பாலம் திறந்த பின்னர், பாதை எனும் மிதவையில் ஏற்றித் துறை கடத்தும் சிரமம் பெருமளவு குறைந்துவிட்டது. காய்ந்த நெல் எவ்வளவு தூரமும் போகும். ஈர நெல்லுக்குத்தான் தூரம் ஆகாது.

களஞ்சியத்தில் நெல்லை ஒப்படைக்கும் உறுப்பினருக்கு அதன் பெறுமதியில் ஒரு பகுதியை அன்றே முற்பணமாகக் கொடுக்கவும் ஏற்பாடு வேண்டும். அடகில் கிடக்கும் நகையும் உரக்கடனும் விலை ஏறும்வரை காத்திருக்கமாட்டா. ஈரமானியின் எண்ணை உறுப்பினர் கண்முன்னே பார்த்துப் பற்றுச்சீட்டில் எழுதும் விதியையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

ஆலை இயந்திரத்துக்கு முற்பணம் கட்டுவதற்கு முன்னர், உலர்த்திக்கான விலைக்கோரலையும் பெற்று, இரண்டையும் ஒன்றாகப் பொதுச்சபையின் முன் வைக்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
படுவான்கரை உறுப்பினர் ஒருவர்