சாம், டீன்: 5ஆம் சீசன் முடிவுக்கு எதைப் பார்க்க வேண்டும்

உறுப்பினர்களுக்கு வணக்கம். ‘சூப்பர்நேச்சுரல்’ என்ற அமெரிக்க டிவி தொடர் மொத்தம் 15 சீசன், 327 எபிசோடு. அண்ணன் டீன், தம்பி சாம் இருவரின் பாசமும் விதியை மறுக்கும் உரிமையும்தான் நம் பேச்சு என்பதால் எல்லாம் தேவையில்லை.

2ஆம் சீசனின் கடைசி இரண்டு எபிசோடில் தொடங்குங்கள். செத்த தம்பியை மீட்க டீன் தன் ஆன்மாவை விற்கிறான். கெடு ஒரே வருடம். சாமைக் கேட்காமல் எடுத்த முடிவு அது. பின்னால் வரும் சிக்கல்களில் பாதி இங்கிருந்துதான் கிளைக்கிறது.

அடுத்து 4ஆம் சீசனின் 22ஆவது எபிசோடு. பிறகு 5ஆம் சீசனில் 13ஆவது எபிசோடு: சுயவிருப்பமே மாயை என்று தேவதூதன் மைக்கேல் டீனிடம் வாதாடுவது இதில்தான்.

அதே சீசனின் 18ஐ மட்டும் தாண்டிவிடாதீர்கள், தயவுசெய்து. இந்தக் கதையில் தேவதூதன் ஒரு மனிதரின் உடலில் புக அந்த மனிதரே வாய்விட்டுச் சம்மதிக்க வேண்டும். மைக்கேலுக்கு இணங்கக் கிளம்பிய டீன், தம்பி இன்னும் தன்னை நம்புவதைப் பார்த்து மனம் மாறுகிறான். இதை விட்டவர்களுக்கு 22இல் தன் உடலில் புகுந்த வீழ்ந்த தேவதூதன் லூசிஃபரை சாம் அடக்குவது திடீர் அற்புதமாகத் தெரியும்.

அந்த 22இல் சகோதரர்களின் இம்பாலா காரின் சாம்பல் கிண்ணத்தைக் கவனியுங்கள். சிறுவயதில் சாம் செருகிய பொம்மைச் சிப்பாய் அதில் இருக்கும்; லூசிஃபரின் பிடி தளர்வது அதைப் பார்த்த பிறகுதான்.

புதியவர்கள் இருப்பதால் 15ஆம் சீசன் கதையை இப்போது எழுத வேண்டாம்.