24 செடிகளில் 15 இன்னும் இருட்டில்: ஒரு நன்கொடை வேண்டுகோள்

வணக்கம்.

சத்தத்தை வெளிச்சமாக்கும் செடிகள் வளர்கிற ஒரு கற்பனை உலகத்தை நாங்கள் ஆறு பேர் சேர்ந்து எழுதிவருகிறோம். கதை இல்லை. அந்த உலகத்துத் தோட்டக்காரர் ஒருவர் கையோடு வைத்திருப்பாரே, அப்படி ஒரு செடிநூல். மொத்தம் 24 செடிகள். எல்லாவற்றுக்கும் எழுத்து வேலை முடிந்துவிட்டது. படம் முடிந்தது ஒன்பதுக்குத்தான். மீதி பதினைந்தை வரையவும் நூலை அச்சடிக்கவும் கையில் பணம் இல்லை.

கற்பனைதானே, என்ன வேண்டுமானாலும் எழுதலாம் என்றுதான் ஆரம்பித்தோம். ஒரு சின்னக் கணக்கு அதில் மண்ணைப் போட்டது. சாதாரணப் பேச்சுக் குரல் ஒரு மீட்டர் தள்ளி வந்து சேரும்போது, ஒரு சதுர மீட்டரில் விழும் ஆற்றல் ஒரு வாட்டில் பத்து லட்சத்தில் ஒரு பங்குதான். உச்சி வெயில் அதே இடத்தில் கிட்டத்தட்ட 1,000 வாட் கொட்டுகிறது. ஊரே கூடிக் கத்தினாலும் ஒரு தெரு வெளிச்சமாகாது. ஆகவே எங்கள் செடிகள் பகலெல்லாம் வெயிலைச் சேர்த்துப் பூட்டி வைக்கின்றன. சத்தம் அந்தப் பூட்டுக்குச் சாவி, அவ்வளவுதான். இரவில் அலை புரளும்போது கடலில் நீலமாக மின்னும் நுண்ணுயிர்களும் ஏறக்குறைய இப்படித்தான்: தூண்டுவது தண்ணீரின் அசைவு, எரிவது உள்ளே இருக்கும் வேதிப்பொருள்.

செடிக்கு ஏது காது என்று கேட்பீர்கள். தேனீ இறக்கையின் ஒலி பட்டதும் ஈனோதெரா என்ற செடியின் பூ மூன்றே நிமிடத்தில் தன் தேனில் சர்க்கரையைக் கூட்டியதை டெல் அவிவ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2019இல் வெளியிட்டார்கள். அங்கே பூவே காதுபோல அதிர்கிறது. எங்கள் பூக்களெல்லாம் கிண்ணம் மாதிரி குழிந்திருப்பதன் ரகசியம் அதுதான்.

எங்களை நிஜமாகவே திணற வைத்தது தாலாட்டு. அம்மா பாடினால் தொட்டிலுக்குப் பக்கத்தில் இருக்கும் செடி எரியும். வெளிச்சம் வந்தால் குழந்தை விழித்துக்கொள்ளும். குழந்தை அழுதால் செடி இன்னும் பளீரென்று எரியும். அப்புறம் யார் தூங்குவது? இரண்டு வாரம் இதற்காகச் சண்டை போட்டோம். செடியைத் தூக்கி வெளியே வை என்றார் ஒருவர். கடைசியில் படம் வரைபவர்தான் வழி சொன்னார். அந்த உலகத்தில் தாய் வாயைத் திறப்பதில்லை. குழந்தையின் முதுகில் நெற்றியை அழுத்திக்கொண்டு தொண்டைக்குள்ளேயே முனகுகிறாள். பாட்டு எலும்பு வழியாகப் போய்ச் சேருகிறது. காற்றுக்கு வருவது சொற்பம், அதனால் செடிக்கு எட்டுவதில்லை. ஏழாம் செடியின் படத்தில் ஒரே ஓர் இலை நுனி மட்டும் மங்கலாகப் பச்சை காட்டும். அந்த அம்மாவுக்கு எங்கேயோ ஒரு சுரம் நழுவிவிட்டது.

இன்னொன்று மட்டும் சொல்லிவிடுகிறோம். அந்த ஊரில் கண்ணுக்கு எட்டிய தூரம்வரை வெளிச்சமாகத் தெரிகிற வீடு கல்யாண வீடு இல்லை, இழவு வீடு.

சரி, செலவுக்கு வருவோம். ஒவ்வொரு செடிக்கும் இரண்டு படம்: சத்தம் இல்லாதபோது ஒன்று, எரியும்போது ஒன்று. ஆக இன்னும் முப்பது படங்கள். எழுதும் நாங்கள் ஐந்து பேரும் எதுவும் எடுத்துக்கொள்வதில்லை. வரைபவருக்கு மட்டும் கூலி கொடுத்தே ஆக வேண்டும், அவருக்கு இதுதான் பிழைப்பு. கணினியில் படம் உருவாக்கி வேலையை முடிக்கலாமே என்று சிலர் நல்லெண்ணத்தோடு சொன்னார்கள். அந்த நழுவிய சுரம் அதில் கிடைத்திருக்காது என்பது எங்கள் எண்ணம்.

அடுத்தது அச்சு. பக்கம் முழுவதும் கறுப்பாக இருந்தால்தான் நடுவில் உள்ள வெளிச்சம் எடுபடும். முழுக் கறுப்புக்கு மை ஏராளமாகக் குடிக்கும். காகிதம் மட்டமாக இருந்தால் மை பின்பக்கம் ஊறிவிடும். மாதிரிக்கு நான்கு பக்கம் மலிவாக அடித்துப் பார்த்தோம். இரவு சாம்பல் நிறத்தில் வந்தது, கையெல்லாம் கரி.

தொகை எவ்வளவு சிறியதானாலும் சரி. வந்ததும் செலவானதும் மாதா மாதம் கணக்காக, கொடுத்தவர்கள் எல்லோருக்கும் வரும். போதுமான பணம் சேராவிட்டால் அச்சைத் தள்ளிப்போட்டு முதலில் படங்களை முடிப்போம். அதுவும் முடியாமல் போனால் மிச்சத்தைத் திருப்பித் தந்துவிடுவோம். நூலின் கடைசிப் பக்கத்தில் உங்கள் பெயர் வேண்டுமா வேண்டாமா என்பதையும் சொல்லிவிடுங்கள்.

பணம் தர முடியாதவர்கள் ஒரு சத்தம் அனுப்புங்கள். 19ஆம் செடி எந்தச் சத்தத்துக்கு எரிய வேண்டும் என்று இன்னும் முடிவாகவில்லை. கதவுக் கீல், இருமல், கொதிக்கும் தண்ணீர், எதுவானாலும் பத்து விநாடி பதிவு செய்து அனுப்பினால் போதும். ஏற்கெனவே குறட்டை மூன்று வந்துவிட்டது, அது மட்டும் வேண்டாம்.

இப்படிக்கு,
செடிநூல் வேலையில் இருக்கும் ஆறு பேர்