பிளம்ஸ் சாஸ் கேட்ட பாப்பாவுக்கு

அன்புள்ள பாப்பாவுக்கு,

நீ அனுப்பிய படத்தைப் பார்த்தேன். வீட்டுக்காரம்மா ஒரு பை பிளம்ஸ் கொடுத்தார் என்றாய், படத்தில் பார்த்தால் வாளி நிறைய இருக்கிறது. தின்று தீராது, ஜாம் போட்டால் நீ தொடமாட்டாய். "ஓட்டல்ல நீங்க போடுவீங்களே ஸ்வீட் அண்ட் சவர் சாஸ், அது இதுல வருமாப்பா?" என்று கேட்டாய். வரும். ஓட்டலில் போட்டதைவிட நன்றாகவே வரும். போனில் சொன்னால் பாதி உன் காதில் விழாது, அதனால்தான் எழுதுகிறேன்.

ஓட்டல் சாஸில் பழம் என்று பெரிதாக ஒன்றும் கிடையாது, தெரிந்துகொள். டொமேட்டோ கெச்சப், சர்க்கரை, வினிகர், தண்ணீர், கார்ன்ஃப்ளார், கொஞ்சம் கலர். கொஞ்சம் பெரிய இடமாக இருந்தால் டின்னிலிருந்து அன்னாசித் துண்டு நாலு மேலே விழும். ராத்திரி எட்டரை மணிக்கு ஆர்டர் மேல் ஆர்டர் வரும்போது எந்த மாஸ்டரும் பழத்தை வேகவைத்துக்கொண்டு நிற்க முடியாது. வருகிறவருக்கும் போன மாதம் சாப்பிட்ட அதே ருசிதான் வேண்டும். அதைக் குறை சொல்ல மாட்டேன், தொழில் அப்படி. கலர் விஷயம் மட்டும் எனக்கு என்றைக்குமே ஒப்பவில்லை. 2024 பிப்ரவரியில் இங்கே தமிழ்நாட்டில் ரோடமின்-பி என்கிற சாயம் இருந்ததென்று பஞ்சுமிட்டாய்க்குத் தடை போட்டார்களே, அடுத்த மாதமே கர்நாடகத்தில் கோபி மஞ்சூரியனிலும் செயற்கை நிறம் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். உன் பிளம்ஸ் தோல் கொடுக்கும் சிவப்புக்கு எந்தப் பொடியும் கிட்டத்தில் வராது.

எனக்குத் தொழில் சொல்லிக்கொடுத்த மாஸ்டர் கொல்கத்தாவில் சீனர்கள் ஓட்டல் நடத்துகிற டாங்ராவில் வேலை பழகியவர். புது கேன் வினிகர் வந்தால் உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டு நக்கிப் பார்த்துவிட்டுத்தான் அடுப்பைப் பற்றவைப்பார். அளவுக் கரண்டி அவர் கையில் நான் பார்த்ததே இல்லை. கீழே நான் அளவு சொல்கிறேன் என்றாலும் அதை ஆரம்பத்துக்கு மட்டும் வைத்துக்கொள். பழத்துக்குப் பழம் சர்க்கரை மாறும், வினிகர் மாறும்.

முதல் வேலை, பழத்தைத் தின்று பார். சதையைத் தனியாக, தோலைத் தனியாக. பிளம்ஸில் சதை இனிக்கும், புளிப்பெல்லாம் தோலோரம் இருக்கும். வேகும்போது அந்தப் புளிப்பு சதைக்குள் இறங்கிவிடும். பச்சையாகத் தின்னும்போது தேன் மாதிரி இருந்த பழம் வெந்ததும் பல்லைக் கூசவைப்பது இதனால்தான். ஆகவே சர்க்கரை மொத்தத்தையும் முதலிலேயே கொட்டிவிடாதே.

கொட்டை எடுத்த பழம் ஒரு கிலோ என்று வை. கொட்டையை உடைத்து உள்பருப்பைச் சேர்க்கலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதே, அதில் விஷச்சத்து உண்டு. பழத்தை நாலாக நறுக்கி, தோலோடு, அரை டம்ளர் தண்ணீர் விட்டு அடுப்பில் ஏற்று. விரல் நீள இஞ்சியைத் துருவிப் போடு. ஆறு பல் பூண்டை நசுக்கிப் போடு. காய்ந்த மிளகாய் நாலைந்து கிள்ளிப் போட்டு, அன்னாசிப்பூ ஒன்று, சின்னத் துண்டு பட்டை, ஒன்றரை டீஸ்பூன் உப்பு. சர்க்கரை 150 கிராம். அங்கே பழுப்புச் சர்க்கரை கிடைத்தால் அதுவே போடு, நாட்டுச் சர்க்கரை வாசனை கொஞ்சம் வரும். அன்னாசிப்பூ ஒன்றுக்கு மேல் வேண்டாம், பிரியாணி வாசம் அடிக்கும்.

நீ இங்கிருந்து தூக்கிக்கொண்டு போன இரும்புச் சட்டியில் இதைச் செய்யாதே. புளிப்பு இரும்பைத் தின்னும், சாஸ் கறுத்துப்போய் நாக்கில் ஆணி ருசி வரும். அலுமினியமும் ஆகாது. அடி கனமான எவர்சில்வர் பாத்திரம் போதும்.

மூடிவைத்து பத்து நிமிஷம். தோல் சுருண்டு சதையிலிருந்து பிரியும். மஞ்சளாக இருந்த சதை ஓரத்திலிருந்து சிவக்க ஆரம்பிக்கும், கொஞ்ச நேரத்தில் பாத்திரம் முழுக்கப் பீட்ரூட் நிறமாகிவிடும். அப்போது மூடியை எடுத்துவிட்டு வினிகர் 100 மில்லி ஊற்று. மூஞ்சியைத் தள்ளி வைத்துக்கொள், ஆவி மூக்கில் ஏறும்.

வினிகர் என்றதும் ஒன்று. உன் சமையலறைப் படத்தில் ஜன்னலோரம் ஒரு பாட்டில் இருந்தது. நீ இருக்கும் நாட்டில் வினிகர் எசென்ஸ் என்று 25 சதவீத அமிலம் உள்ளதையும் கடையில் வைத்து விற்பார்கள், கெட்டில் உப்புக்கறை போக்கவும் அதைத்தான் வாங்குவார்கள். சமையலுக்கு வருவது 5 சதவீதம். நம்மூர் வெள்ளை வினிகரும் 4 சதவீதம் பக்கம்தான். எசென்ஸைத் தப்பித்தவறி அப்படியே ஊற்றினால் சாஸ் போனது மட்டும் இல்லை, தொண்டையும் வெந்துவிடும். லேபிளைப் படித்துவிட்டு ஊற்று. அது மட்டும்தான் வீட்டில் இருக்கிறது என்றால் ஒரு பங்குக்கு நாலு பங்கு தண்ணீர் கலந்துகொள்.

இன்னும் பதினைந்து இருபது நிமிஷம் திறந்து வைத்துக் கொதிக்கட்டும். அடிபிடிக்கும், பக்கத்திலேயே நில், போனைப் பார்த்துக்கொண்டு நிற்காதே. பட்டை, அன்னாசிப்பூவை எடுத்துவிட்டு, ஆறியதும் மிக்ஸியில் அரைத்து வடிகட்டியில் தேய்த்து எடு. இப்போது ருசி பார். நாக்கின் ஓரம் இரண்டு பக்கமும் சுரந்தால் சர்க்கரை கேட்கிறது, 50 கிராம் போடு. திகட்டினால் வினிகர் ஒரு ஸ்பூன். இரண்டும் சரியாக இருந்தும் ஏதோ குறைகிற மாதிரி தோன்றினால், அது உப்பு. வீட்டில் செய்கிறவர்கள் பெரும்பாலும் உப்பைத்தான் விட்டுவிடுகிறார்கள். சூட்டில் இனிப்பு தூக்கலாகத் தெரியும் என்பதால் ஒரு ஸ்பூன் தட்டில் விட்டு ஆறவைத்துப் பார்ப்பது நல்லது.

பிளம்ஸுக்குக் கார்ன்ஃப்ளார் வேண்டாம். தோலில் இருக்கும் பெக்டின் என்கிற பசைச்சத்து தானாகவே கெட்டியாக்கும், ஜாம் உறைவதும் அதனால்தான். ஃப்ரிட்ஜில் வைத்தால் இன்னும் இறுகும், ஆகையால் அடுப்பில் கொஞ்சம் தளர்வாக இருக்கும்போதே இறக்கிவிடு.

அன்னாசி அப்படி இல்லை. அதில் சாறுதான் அதிகம், கார்ன்ஃப்ளார் இல்லாமல் நிற்காது. குளிர்காலத்தில் பிளம்ஸ் தீர்ந்ததும் நீ அதற்குத்தான் வருவாய், அதையும் சொல்லிவிடுகிறேன். இங்கே கோயம்பேட்டில் கேரளத்திலிருந்து வந்து குவியும். வாழக்குளம் அன்னாசிக்கு 2009இல் புவிசார் குறியீடே கொடுத்திருக்கிறார்கள், அந்தச் சின்னக் காய்தான் வாசனைக்கு நல்லது. அன்னாசியைப் பறித்த பிறகு இனிப்பு ஏறாது, மாம்பழம் மாதிரி வைக்கோலில் வைத்துப் பழுக்கவைக்கிற கதை அதில் நடக்காது. அடிப்பக்கத்தை மோந்து பார்த்து வாசனை இருந்தால் வாங்கு, இல்லையென்றால் டின்னில் இருப்பதே மேல்.

ஒரு கப் அன்னாசிச் சாறு, கால் கப் வினிகர், கால் கப் சர்க்கரை, இஞ்சி, பூண்டு, மிளகாய், உப்பு, ஒரு கை பொடித் துண்டு. எல்லாம் கொதித்து ருசி சரியான பிறகுதான் கார்ன்ஃப்ளார். ஒன்றே கால் டேபிள்ஸ்பூனைப் பச்சைத் தண்ணீரில் கரைத்து, கையை நிறுத்தாமல் கிண்டிக்கொண்டே விடு. நேராகப் பொடியாகக் கொட்டினால் கட்டி கட்டியாக நிற்கும், அப்புறம் எந்தக் கரண்டியாலும் உடையாது. பால் மாதிரி கலங்கி இருப்பது கொதி வந்ததும் தெளிந்து பளபளக்கும். அதோடு ஒரு நிமிஷம், இறக்கிவிடு. புளிப்பில் கார்ன்ஃப்ளாரை ரொம்ப நேரம் கொதிக்கவிட்டால் அமிலம் மாவை அறுத்துவிடும், கெட்டியானது மறுபடி நீர்த்துப்போகும். புதுப் பையன்கள் அப்போது இன்னும் மாவைக் கரைத்துக் கரைத்து ஊற்றுவார்கள், கடைசியில் அது கோந்து.

இன்னொன்று, பச்சை அன்னாசிச் சாற்றில் சிக்கனை ஊறவைக்காதே. கறியைக் கரைக்கும் ஒரு சத்து அதில் இருக்கிறது, நிறையத் தின்றால் நாக்கு அரிப்பதும் அதனால்தான். கொஞ்ச நேரம் கூடினாலும் கறி குழைந்துவிடும். கொதித்த சாஸில் அது செத்துவிடும், டின் பழத்திலும் இருக்காது.

உங்க அம்மா இதையெல்லாம் பக்கத்தில் நின்று படித்துவிட்டு, "சித்திரை ஒண்ணாந்தேதி மாங்காய்ப் பச்சடிக்கு இவ்வளவு கதை சொல்றோமா?" என்கிறாள். அவள் சொல்வதும் நியாயம். கிளிமூக்கு மாங்காய், வெல்லம், உப்பு, மிளகாய், கொஞ்சம் வேப்பம்பூ. உன் ஆயா வெல்லத்தை மாங்காய் வெந்த பிறகுதான் போடும், முன்னாடியே போட்டால் துண்டு வேகாமல் விறைத்து நிற்கும் என்று. சௌகார்பேட்டையில் கச்சோரி மேல் ஊற்றுகிற பேரீச்சம்பழ புளிச் சட்னியும் இதே சாதிதான், அங்கே பழமே சர்க்கரை வேலையைப் பார்க்கிறது. ஆனால் பிளம்ஸை வைத்துக்கொண்டு மாங்காய்க்கு ஏங்க முடியாது. நம்மூர் வண்டிகளிலும் மே, ஜூனில் கொடைக்கானல் பிளம்ஸ் வரும்தான், விலையைக் கேட்டுவிட்டு நகர்ந்துவிடுவேன். உனக்குச் சும்மா கிடைத்திருக்கிறது.

சாப்பிடும் முறை உனக்குத் தெரியும். வெங்காயமும் குடைமிளகாயும் சதுரமாக வெட்டி, பெரிய தீயில் ஒரு பிரட்டு, அதன் மேல் சாஸ், நுரைத்து வந்ததும் பொரித்த காலிஃபிளவரோ பனீரோ சிக்கனோ. உட்கார்ந்து சாப்பிடத் தயாரான பிறகு பிரட்டு, முன்னாடியே கலந்துவைத்தால் மொறுமொறுப்பு போய்விடும். தோசைக்குத் தொட்டுக்கொள்ளலாமா என்று கேட்பாய், தாராளமாக. உன் தம்பி தயிர்சாதத்துக்கே தொட்டுக்கொள்கிறான், அவனை விடு.

எடுத்துவைப்பதைப் பற்றி மட்டும் அப்பா கறாராகச் சொல்கிறேன். இது ஊறுகாய் இல்லை. ஊறுகாயை உப்பும் எண்ணெயும் காப்பாற்றும், இதில் இரண்டுமே அந்த அளவு கிடையாது. வினிகர் இருக்கிறதே என்று அலமாரியில் வைத்துவிடாதே. கண்ணாடி பாட்டிலைக் கொதிநீரில் போட்டு எடுத்து, ஈரம் போக உலர்த்தி, சூடாக ஊற்றி மூடி, ஆறியதும் ஃப்ரிட்ஜில் வை. இரண்டு மூன்று வாரம் நன்றாக இருக்கும். ஈரக் கரண்டியைப் போடாதே. ஒரு கிலோவுக்கு மேல் செய்வதாக இருந்தால் பெரிய பாட்டிலாக வேண்டாம், சின்னச் சின்ன டப்பாவில் பிரித்து ஃப்ரீசரில் வைத்துவிடு. டப்பாவை விளிம்புவரை நிரப்பாதே, உறையும்போது சாஸ் விரியும்.

வீட்டுக்காரம்மாவுக்கு ஒரு பாட்டில் கொடு. மிளகாயை அவருக்குப் பாதியாகக் குறைத்துத் தனியாகச் செய்தால்தான் முறை. ஞாயிற்றுக்கிழமை செய்வதாக இருந்தால் சனிக்கிழமையே அந்த வினிகர் லேபிளைப் படம் எடுத்து அனுப்பு, நானும் ஒருதரம் பார்த்துவிடுகிறேன்.

அன்புடன்
அப்பா
பெரம்பூர், சென்னை